மெய்ப்பாடும் திரைப்படமும்: உடலைத் தொடும் சில குறும்படங்கள் பற்றி

திரைப்படம் பற்றிய நமது விமர்சனங்கள் பெரும்பாலும் கதையிலிருந்தே தொடங்குகின்றன. கதை யாது, அது யாருடைய வாழ்வைச் சித்திரிக்கின்றது, பாத்திரங்கள் தத்தம் வர்க்கத்துக்கும் சூழலுக்கும் ஏற்ப இயங்குகின்றனவா, முடிவு நம்பத்தக்கதா என்னும் வினாக்களே முதலில் எழுப்பப்படுகின்றன. இவை தேவையான வினாக்களே. ஆயின், கதையே இல்லாத, பாத்திரமே இல்லாத, சில வேளைகளில் உருவங்களே இல்லாத ஒரு படத்தின் முன்னால் இவ்வினாக்கள் செயலிழந்துவிடுகின்றன. அவ்வேளையில் விமர்சகர் கைக்கொள்ளும் வழி மிக எளிதானது. ‘உருவவாதம்’ என்னும் சொல்லை எடுத்து அப்படத்தின்மீது ஒட்டிவிட்டு அவர் அப்பாற் சென்றுவிடுகின்றார்.

அவ்வாறு ஒதுக்கப்பட்ட படங்களுள் ஒரு வகையினை மட்டும் இங்கு நோக்குவோம். காட்சியாலும் ஒலியாலும் பார்வையாளரின் உடலிலே நேரடியாக ஓர் உணர்ச்சியை எழுப்ப முனையும் பரிசோதனைக் குறும்படங்களே அவை. தோல் சிலிர்த்தல், பல் கூசுதல், வயிறு குமட்டுதல், மூச்சு அடங்குதல், கண் கூசிக் கலங்குதல் ஆகியன இப்படங்களிலே கதையின் பக்க விளைவுகளல்ல. அவையே படத்தின் பொருளுக்குச் செல்லும் வழி. இவற்றின்மீது சுமத்தப்படும் குற்றச்சாட்டு யாவரும் அறிந்ததே: இவை நரம்பினைக் கிளறுகின்றன, அதற்குமேல் எதுவும் செய்வதில்லை, சமூகம் இவற்றில் இல்லை. இக்குற்றச்சாட்டு ஒரு தவறான எடுகோளின்மீது நிற்கின்றது என்பதே இக்கட்டுரையின் கருத்து. உடல் சமூகத்துக்கு வெளியே உள்ள ஒன்று என்பதே அவ்வெடுகோள்.

பழந்தமிழ் இலக்கணகாரர் உடலின் இவ்வகைத் துலங்கலைப் புறக்கணித்தாரல்லர். தொல்காப்பியப் பொருளதிகாரத்திலே மெய்ப்பாட்டியல் எனத் தனி ஓர் இயலே உண்டு. அங்கு கூறப்படும் எண்வகை மெய்ப்பாடுகளுள் அச்சம், இளிவரல், மருட்கை ஆகிய மூன்றும் நாம் எடுத்துக்கொண்ட படங்களுக்கு மிக அண்மையானவை. உரையாசிரியர்கள் இதனைச் சுவைப்பொருள், சுவையுணர்வு, குறிப்பு, விறல் என நான்காகப் பகுத்து விளக்கினர். விறல் எனப்படுவது மயிர் சிலிர்த்தல், கண்ணீர் வார்தல், மெய் நடுங்குதல் என உடலின்மீது வெளிப்படுவது. பொருளில் தொடங்கி உள்ளத்தினூடாக உடலில் முடியும் ஒரு வரிசை இது. வழக்கமான கதைப்படமும் இவ்வரிசையிலேதான் இயங்குகின்றது. தாய் இறக்கின்றாள், நமக்குத் துயர் உண்டாகின்றது, பின்னர் கண்ணீர் வருகின்றது. நாம் நோக்கும் குறும்படங்களோ இவ்வரிசையைத் தலைகீழாக்குகின்றன. முதலில் உடல் துலங்குகின்றது. அதன்பின்னரே ‘எதற்காகத் துலங்கினேன்?’ என்று உள்ளம் தேடுகின்றது. அத்தேடல் மீண்டும் ஒரு பொருளைச் சென்று அடைகின்றதா, இடைவழியிலே நின்றுவிடுகின்றதா என்பதைக் கொண்டே இப்படங்களை மதிப்பிடல் வேண்டும்.

வரலாற்றிலிருந்து இரண்டு செய்திகள் இவ்விடத்தில் வேண்டற்பாலன. 1929இல் பாரிசில் லூயி புனுவெலும் சல்வடோர் டாலியும் உருவாக்கிய ‘ஓர் அந்தலூசிய நாய்’ என்னும் படத்தின் தொடக்கக் காட்சி பலரும் கேள்விப்பட்டதே. மெல்லிய முகில் ஒன்று நிலவைக் கடக்கின்றது. உடனே சவரக்கத்தி ஒன்று ஒரு பெண்ணின் கண்ணைக் கிழிக்கின்றது. கிழிபட்டது இறந்த கன்றின் கண் என்பதை அறிந்தவரும் அவ்வேளையில் தம் கண்ணை மூடிக்கொள்கின்றனர். அறிவு உடலைத் தடுத்து நிறுத்த இயலாத கணம் அது. இவ்வகைப் படங்களின் வரலாற்றை அங்கிருந்தே தொடங்குவது வழக்கமாகிவிட்டது.

ஆயின் இரண்டாவது செய்தியே எனக்கு முக்கியமாகப்படுகின்றது. அதற்கு நான்கு ஆண்டுகள் முன்னர், 1925இல், சோவியத் நாட்டில் செர்கெய் ஐசென்ஸ்ரைனின் ‘வேலைநிறுத்தம்’ வெளியாயிற்று. அது குறும்படமன்று; முழுநீளப் படம். அதன் இறுதியிலே தொழிலாளர் கொன்று குவிக்கப்படும் காட்சியும் இறைச்சிக்கூடத்தில் மாடு வெட்டப்படும் காட்சியும் மாறி மாறி இணைக்கப்பட்டன. பார்வையாளரின் உடலில் எழும் அதிர்ச்சியை முன்கூட்டியே கணித்து அடுக்குவதே படத்தொகுப்பு என்று கருதியவர் ஐசென்ஸ்ரைன். கமராவைக் கண்ணாகக் கொண்ட சிகா வேர்ட்டோவுக்கு எதிராக, தமக்கு வேண்டியது கண்ணன்று, முட்டியே என அவர் வாதிட்டார். அதாவது, உடலைத் தாக்கும் படம் என்னும் கருத்து முதலாளித்துவ நாடுகளின் ஓய்வுநேர விளையாட்டாகப் பிறந்ததன்று. புரட்சியின் கலைக்கூடத்திலும் அது பிறந்தது. நமது விமர்சகர்கள் இதனை வசதியாக மறந்துவிடுகின்றனர்.

இதனிலும் சுவையானது அவர் பின்னர் ஒப்புக்கொண்ட விடயம். மாடு வெட்டும் காட்சி எல்லோரையும் ஒரே வகையில் தாக்கவில்லை. தொழிலாளர்க்கு அக்குருதி இறைச்சிக்கூடத்தை அடுத்த ஆலையையே நினைவூட்டியது. தன் கால்நடையைத் தானே வெட்டிப் பழகிய விவசாயிக்கோ அது எதுவுமே செய்யவில்லை. இக்குறிப்பினை நான் மிக உயர்வாக மதிக்கின்றேன். அருவருப்பு என்பது இயற்கை நமக்கு அளித்துவிட்ட ஒன்றன்று. நாம் செய்த வேலையும் செய்யாது விட்ட வேலையும் சேர்ந்தே நம் உடலை அருவருக்கப் பழக்குகின்றன என்பது இதிலிருந்து பெறப்படும். உடலுக்கும் வர்க்கம் உண்டு.

இனிக் குறும்படங்களுக்கு வருவோம். அமெரிக்கரான ஸ்ரான் பிராக்கேஜ் 1963இல் ஆக்கிய ‘அந்துப்பூச்சி ஒளி’ ஏறத்தாழ நான்கு நிமிடமே ஓடும் மௌனப்படம். அதற்குக் கமராவே பயன்படுத்தப்படவில்லை. இறந்த அந்துப்பூச்சிகளின் சிறகுகள், பூவிதழ்கள், புல்லின் தாள்கள் ஆகியவற்றை ஒளி ஊடுபுகும் இரண்டு ஒட்டுநாடாக்களுக்கிடையே வைத்து அழுத்தி, அதனையே 16 மில்லிமீற்றர் படச்சுருளாகப் பிரதிசெய்தார். செக்கனுக்கு 24 படச்சட்டங்கள் ஓடுகையில் ஒரு சிறகு பல சட்டங்களுக்குப் பிளவுபட்டுப் பரந்துவிடுகின்றது. ஆகவே கண்ணுக்கு ஒரு பூச்சி தென்படுவதில்லை. நரம்பு, செதில், தூள், விளிம்பு என்பனவே துடிதுடித்துச் செல்கின்றன. எது பெரிது, எது சிறிது, எது முன், எது பின் என்று தீர்மானிக்க இயலாதபோது கண் ஒரு விநோதமான காரியம் செய்கின்றது. அது பொருளை ‘இன்னது’ என இனங்காணும் முயற்சியைக் கைவிட்டு, விரல்போல அதன் மேற்பரப்பைத் தடவத் தொடங்குகின்றது. தொடுபுலனால் அறியப்படுவதை ‘ஊறு’ என்பது நமது பழைய வழக்கு. அச்சொல்லே இங்கு பொருந்தும். லோறா மாக்ஸ் என்னும் ஆய்வாளர் 2000ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலில் இவ்வகைப் பார்வையை விரிவாக ஆராய்ந்துள்ளார். நூலின் பெயரிலேயே அவர் திரைப்படத்துக்கு ஒரு தோலைக் கொடுத்துவிட்டார்.

அதே பிராக்கேஜ் 1971இல் பிற்ஸ்பேர்க் நகரின் பிணவறையொன்றில் எடுத்த ‘தன் கண்களாலேயே காணும் செயல்’ முற்றிலும் வேறானது. பிரேத பரிசோதனையைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லின் கிரேக்க மூலப்பொருளே இத்தலைப்பு. சுமார் அரை மணிநேரம், ஒலி எதுவுமின்றி, மனித உடல்கள் அளக்கப்படுவதையும் அறுக்கப்படுவதையும் நாம் காண்கின்றோம். இங்கு மௌனம் என்பது ஒலியின் இன்மை மட்டுமன்று. வாள் எலும்பை அறுக்கும் ஓசை கேட்டிருந்தால் அதனைத் திரையின் ஓசையாகக் கொண்டு நாம் ஓரளவு விலகியிருக்கலாம். ஓசை இல்லாதபோது அவ்வோசையை நம் உடலே உண்டாக்கிக்கொள்கின்றது. அதிலிருந்து விலக இடமில்லை. முகத்தின் தோல் உரிக்கப்பட்டு மடிக்கப்படும் கட்டத்தை அடையும்போது, முதலில் எழுந்த குமட்டல் எப்படியோ தணிந்து வேறொன்றாக மாறியிருப்பதைப் பார்வையாளர் உணர்வர். அதனை மருட்கை என்பதா, இரக்கம் என்பதா என்று எனக்குத் தெளிவில்லை. குமட்டலில் தொடங்கிய உடல் அதனைக் கடந்து செல்லுமளவு நேரம் அளிக்கப்பட்டது என்பதே முக்கியம். ஐந்து நிமிடத்தில் முடிந்திருந்தால் இப்படம் வெறும் அதிர்ச்சியாகவே எஞ்சியிருக்கும்.

ஒலியின் இயல்பு வேறு. ஒளி நம் உடலைத் தள்ளுவதில்லை. ஒலியோ காற்றின் அதிர்வாதலால் உண்மையிலேயே நம்மீது வந்து மோதுகின்றது. கோயில் வீதியிலே தவிலுக்கு அருகில் நின்றவர்க்கு இதனை விளக்க வேண்டியதில்லை; காது கேட்பதற்கு முன் நெஞ்சுக்கூடு கேட்டுவிடும். பெரும்பாலான கதைப்படங்கள் ஒலியை உரையாடலுக்கும் பின்னணி இசைக்கும் அடிமையாக்கிவிட்டன. அவ்வடிமைத்தளையை அறுத்தவர்களுள் பிராக் நகரத்து யான் ஸ்வாங்க்மயர் முதன்மையானவர்.

ஸ்வாங்க்மயரின் வரலாறு நம் வாதத்துக்கு நேரடியாகத் தொடர்புடையது. 1970களில் பல ஆண்டுகள் செக்கோஸ்லோவாக்கிய அதிகாரிகள் அவரைப் படம் எடுக்கவிடவில்லை. அக்காலத்தில் அவர் தொடுபுலன் பற்றிய பரிசோதனைகளில் ஈடுபட்டார்; கண்ணால் காணாது கையால் தடவி அறியும் பொருள்களைச் செய்தார்; அது பற்றி ஒரு நூலும் எழுதினார். படமெடுக்கும் உரிமை மீண்டும் கிட்டியபோது, விரல்கள் கற்ற பாடத்தை அவர் திரைக்குக் கொண்டுவந்தார். 1982இல் உருவான ‘உரையாடலின் பரிமாணங்கள்’ அதன் சிறந்த விளைவு.

அப்படத்தில் ஒரு வார்த்தையேனும் பேசப்படுவதில்லை. முதற்பகுதியில் காய்கறிகளாலும் பிற உணவுப் பொருள்களாலும் ஆன தலையொன்றும் சமையற் கருவிகளாலான தலையொன்றும் எதிரெதிரே வந்து, ஒன்றை மற்றது விழுங்கி, மென்று, கக்குகின்றது. பின்னர் எழுதுகருவிகளாலான தலை வருகின்றது. ஒவ்வொரு முறையும் கக்கப்படுவது முன்னையதிலும் நுணுக்கமாக அரைபட்டிருக்கும். இறுதியில் எல்லாம் ஒரே களிமண்ணாகி, ஒன்றுபோலவே உள்ள மனிதத் தலைகள் ஒன்றுபோலவே உள்ள தலைகளைக் கக்கிக்கொண்டிருக்கும். மூன்றாம் பகுதியிலே இரண்டு முதிய தலைகள் மேசையின் இருபுறமும் இருந்து வாயினால் பொருள்களை நீட்டுகின்றன. பற்றூரிகைக்குப் பற்பசை, பாணுக்கு வெண்ணெய், சப்பாத்துக்கு நாடா, பென்சிலுக்குத் தீட்டி என முதலில் எல்லாம் பொருந்துகின்றன. பின்னர் இணைகள் மாறுகின்றன. சப்பாத்திலே வெண்ணெய் பூசப்படுகின்றது. பென்சில் தீட்டி தனக்கு ஆகாதவற்றையெல்லாம் அரைக்கின்றது. ஈற்றில் இரு தலைகளும் வெடித்து நொறுங்கி மூச்சிரைக்கின்றன.

இப்படத்தின் கருத்தை ஒரு வாக்கியத்தில் சொல்லிவிடலாம்: உரையாடல் என்ற பெயரில் ஒன்று மற்றொன்றை விழுங்கி யாவற்றையும் ஒரே அச்சில் வார்க்கின்றது. அரசின் சொற்கள் எல்லோர் வாயிலும் ஒரேவிதமாக ஒலித்த ஒரு நாட்டில் இக்கருத்தினை யாரும் விளங்கிக்கொண்டிருப்பர். ஆனால் அவ்வாக்கியத்தை வாசிப்பவர்க்குப் பல் கூசுவதில்லை. படத்திலோ நொறுங்கும், நசியும், உரசும், உறிஞ்சும் ஓசைகள் அத்தனையும் காதுக்கு மிக அண்மையிலிருந்து வருகின்றன. உலோகம் இதழ்களை நசிக்கும் ஓசையில் நம் தாடை தானாக இறுகுகின்றது. விழுங்கப்படுதல் என்னும் அரசியல் நிகழ்வு நம் வாய்க்குள்ளேயே நடந்துவிடுகின்றது. 1983இல் பேர்லினிலும் அனெசியிலும் இப்படம் பரிசு பெற்றது. பரிசு வாங்கியதனால் அன்று, வாய்க்கும் அதிகாரத்துக்கும் உள்ள உறவை உணர்த்தியதனாலேயே இது பெரிய படைப்பு என்பேன்.

இதுவரை கூறியன ஓரளவேனும் உருவங்களைக் கொண்ட படங்கள். உருவத்தையே முற்றாகக் கைவிட்ட படங்களிலே நம் வாதம் கடுஞ் சோதனைக்கு உள்ளாகின்றது. ஒஸ்திரியரான பீற்றர் குபெல்காவின் ‘அர்னுல்ப் ரைனர்’ (1960) நான்கே மூலகங்களால் ஆனது: ஒளி, இருள், ஒலி, மௌனம். வெள்ளைச் சட்டங்களும் கறுப்புச் சட்டங்களும் மொத்தம் 9,216. ஓடும் நேரம் 6 நிமிடமும் 24 செக்கனும். வெள்ளொளியிலே நிறங்கள் யாவும் அடங்கியிருப்பதுபோலக் காதுக்கு எட்டும் அதிர்வுகள் யாவும் அடங்கிய இரைச்சலே இங்கு ஒலியாகும். ஆறு ஆண்டுகளின் பின், கணிதம் கற்ற இசைக்கலைஞரான ரொனி கொன்ராட் நியூயோர்க்கில் ஆக்கிய ‘மினுக்கம்’ முப்பது நிமிடம் நீடிக்கும். கறுப்பும் வெள்ளையும் 47 வகை ஒழுங்குகளில் அடுக்கப்பட்டுள்ளன. வலிப்பு நோய் உள்ளவர்க்கு இது தீங்கு விளைக்கலாம் என்றும், விளைவுகளுக்குப் படைப்பாளர் பொறுப்பில்லை என்றும், மண்டபத்தில் மருத்துவர் ஒருவர் இருத்தல் நன்று என்றும் தொடக்கத்திலேயே எச்சரிக்கை காட்டப்படுகின்றது. இது விளம்பரத் தந்திரமன்று. சிலருடைய மூளையிலே துடிக்கும் ஒளி வலிப்பினைத் தூண்டும் என்பது மருத்துவம் அறிந்த உண்மை.

கொன்ராட்டின் படத்தைப் பார்க்கும் பலர் சிறிது நேரத்தில் திரையிலே நிறங்களையும் சுழலும் கோலங்களையும் காண்கின்றனர். படச்சுருளில் நிறமே இல்லை! ஆகவே பார்வையாளரின் நரம்பு மண்டலமே இங்கு படத்தை ஆக்கும் பங்காளி ஆகின்றது. ஒருவர் காண்பதை அயலில் இருப்பவர் காண்பதில்லை. இதனை நான் மெய்யாகவே வியக்கின்றேன். எனினும், வியப்பு தணிந்தபின் உடல் எதனை நோக்கித் திரும்புகின்றது? தன்னை நோக்கியே திரும்புகின்றது. ‘என் கண் எவ்வாறு இயங்குகின்றது’ என்ற அறிவு சிறிய அறிவன்று. ஆனால் அது அத்துடன் நின்றுவிடுகின்றது. உருவவாதம் என்ற சொல்லுக்கு எங்காவது இடமுண்டாயின் அது இவ்வெல்லையில்தான். அவ்விடத்திலும் அது வசையாகாது, எல்லையின் பெயராகவே நிற்கும்.

போல் ஷரிற்ஸ் 1968இல் எடுத்த ‘தொடுதல்’ (ஆங்கிலத் தலைப்பின் எழுத்துக்களுக்கிடையே அவர் காற்புள்ளிகளை இட்டிருந்தார்) என்ற பன்னிரண்டு நிமிடப் படத்தை நான் அவ்வளவு உயர்வாகக் கருதவில்லை. நிறச் சட்டங்கள் மினுங்கும் வேகத்தினிடையே ஓர் இளைஞன் தன் நாக்கைக் கத்தரிக்கோலின் அலகுகளுக்கிடையே நீட்டுகின்றான். ஒரு கை அவன் கன்னத்தைக் கீறுகின்றது. ‘அழி’ எனப் பொருள்படும் ஆங்கிலச் சொல்லொன்று ஓயாது ஒலிக்கின்றது. ஒரே சொல்லைத் தொடர்ந்து கேட்குங்கால் காது அதனை வேறு சொற்களாகத் திரித்துக்கொள்ளும் என்பது உண்மை. அவ்வளவில் ஒலிப்பாதை திறமையானதே. ஆனால் நாக்கும் கத்தரிக்கோலும் சேரும்போது உண்டாகும் கூச்சம் முதற்கணத்தோடு செலவாகிவிடுகின்றது. எஞ்சிய நிமிடங்கள் அதனையே மீட்டும் மீட்டும் கேட்டு நிற்கின்றன. பிராக்கேஜின் பிணவறையில் நேரம் உடலை மாற்றியது. இங்கு நேரம் உடலைக் களைப்படையச் செய்கின்றது.

இறுதியாக, நான் இவ்வனைத்திலும் மேலாக வைக்கும் படம்: குபெல்காவின் ‘நமது ஆபிரிக்கப் பயணம்’ (1966). 1961இல் ஒஸ்திரிய வணிகர் சிலர் ஆபிரிக்காவில் வேட்டையாடச் சென்றபோது அப்பயணத்தைப் பதிவுசெய்வதற்கு அவரை அமர்த்தினர். எடுத்த காட்சிகளையும் பதிந்த ஒலிகளையும் ஏறத்தாழ ஐந்தாண்டுகள் திருப்பித் திருப்பி இணைத்துப் பன்னிரண்டரை நிமிடப் படமொன்றை அவர் உருவாக்கினார். எக்காட்சிக்கும் அதற்கு உரிய ஒலி இல்லை. ஆயினும் ஒலியும் காட்சியும் துல்லியமாக ஒரே கணத்தில் சந்திக்கின்றன. கைகுலுக்கும் கணத்தில் இடி முழங்குகின்றது. துப்பாக்கி வெடிக்கும் ஓசையில் ஒருவரின் தொப்பி பறக்கின்றது. விலங்கு விழுந்து துடிக்கையில் எங்கோ நடந்த உல்லாசப் பேச்சும் சிரிப்பும் கேட்கின்றன.

இதன் விளைவு யாது? தொப்பி பறக்கும்போது நாமும் சிரித்துவிடுகின்றோம். அச்சிரிப்பு உதட்டை விட்டு அகலுமுன்னரே, அடுத்த வெடி ஒரு விலங்கின் உடலில் பாய்கின்றது. நம் சிரிப்பு வேட்டைக்காரரின் சிரிப்போடு சேர்ந்துவிட்டதை நம் வயிறு முதலில் உணர்கின்றது. அறிவு பின்னாலே வந்துசேர்கின்றது. குடியேற்றவாதத்தைக் கண்டிக்கும் கட்டுரைகளைப் படித்துத் தலையசைப்பது எளிது. அதன் இன்பத்திலே நம் உடலும் ஒரு கணம் பங்குகொண்டது என்பதை ஒப்புக்கொள்வது அவ்வளவு எளிதன்று. மெய்ப்பாட்டின் தலைகீழ் வரிசை இங்கேதான் முழுமையடைகின்றது: விறலில் தொடங்கிக் குறிப்பினூடாகச் சென்று பொருளை அடைகின்றது. அப்பொருளோ வரலாறு.

இப்படத்தின்மீதும் எனக்கு ஒரு குறை உண்டு. ஆபிரிக்கரின், குறிப்பாகப் பெண்களின் உடல்களைக் கமரா நோக்கும் விதம் வேட்டைக்காரரின் பார்வையிலிருந்து எப்போதும் விலகிநிற்கவில்லை. அப்பார்வையைக் காட்டிக்கொடுப்பதற்காகவே அவ்வாறு செய்யப்பட்டது என்று வாதிடலாம். அவ்வாதம் என்னை முழுமையாகத் திருப்திப்படுத்தவில்லை. முடிவிலே ஓர் ஆபிரிக்கக் குரல், வாய்ப்புக் கிடைத்தால் உங்கள் நாட்டைப் பார்க்க விரும்புகின்றேன் என்னும் பொருள்பட ஆங்கிலத்தில் பேசுகின்றது. விருந்தாளியாகச் சென்றவர்கள் செய்தவற்றையெல்லாம் கண்டபின் அச்சாதாரண வேண்டுகோள் தொண்டையில் முள்ளாகின்றது.

இப்படங்களைக் காணும் முறை பற்றி ஒரு வார்த்தை. குபெல்கா 1970இல் நியூயோர்க்கில் ஒரு திரையரங்கை வடிவமைத்தார். சுவர்கள் கறுப்பு வெல்வெற்றால் மூடப்பட்டிருந்தன. அயலிருப்பவர் தெரியாவண்ணம் இருக்கைகளுக்கிடையே தடுப்புகள் இருந்தன. பிற்காலத்தில் பிராங்பேர்ட் கலைக்கல்லூரியிலே திரைப்படத்தோடு சமையலையும் கலையாகக் கற்பித்தவர் அவர். புலன்களுக்கு எது, எவ்வாறு பரிமாறப்படுகின்றது என்பதில் அவருக்கிருந்த பிடிவாதம் வியப்புக்குரியதன்று. 2012இல் ‘அர்னுல்ப் ரைனர்’ படத்தின் ஒளியை இருளாகவும் ஒலியை மௌனமாகவும் மாற்றி அதற்கு மறுதலையான ஒரு படத்தையும் அவர் படச்சுருளிலேயே ஆக்கினார். இன்று நம் மாணவர்கள் இப்படங்களைக் கைத்தொலைபேசியின் சிறுதிரையில், சுருக்கப்பட்ட பிரதியாக, மெல்லிய ஒலியுடன் காண்கின்றனர். அவ்வாறு கண்டபின் ‘இதில் என்ன இருக்கின்றது?’ என வினவுவதில் வியப்பில்லை. தாழ்ந்த அதிர்வுகள் அங்கு உடலை வந்தடைவதேயில்லை. பல்கலைக்கழகத்தில் ஒரு மண்டபத்தை இருட்டாக்கவும் நல்ல ஒலிபெருக்கிகள் இரண்டைப் பெறவும் இயலுமாயின், வலிப்பு நோய் உள்ளவர்களை முன்கூட்டியே எச்சரித்துவிட்டு, ‘உரையாடலின் பரிமாணங்கள்’ படத்தையும் ‘நமது ஆபிரிக்கப் பயண’த்தையும் ஒரே மாலையில் அடுத்தடுத்துத் திரையிடலாம். படம் முடிந்ததும் கருத்து என்ன என்று கேளாது, எக்காட்சியில் தாடை இறுகியது, எவ்விடத்தில் சிரிப்பு வந்தது, எவ்விடத்தில் அது நின்றது என்று கேட்டுக் கலந்துரையாடலைத் தொடங்கலாம்.